காலர் எப்போது காயும்?

அந்தக் கடையில் ஒரு புத்தகம்கூட முழுசாக இல்லை.

மூன்று நான்கை எடுத்துப் புரட்டினேன். எல்லாம் பாதிப் பேச்சில் அறுந்து நின்றன. 'திருடன் வேறு யாருமில்லை' என்று கதையில் வரும் அக்கா விரலை நீட்டுவாள். அடுத்தது பின்னட்டை.

"எலி தின்னுடுச்சா?" என்றேன்.

"எலிக்கு இவ்வளவு நேர்க்கோடு வராது மாமா," என்றாள் மருமகள்.

வாடகை நூலகக்காரருக்குக் கோபம் வரவில்லை. வாடிக்கைப் பிள்ளைகள் அவருக்கு வைத்திருந்த பெயர் கத்திரி. அவரும் அந்தப் பெயருக்குத் திரும்பிப் பார்த்துப் பழகிவிட்டார்.

"கடைசிப் பதினாறு பக்கத்தை நான்தான் அறுத்து எடுத்துடுவேன்," என்று முதுகுக்குப் பின்னால் இருந்த மர அலமாரியைத் தட்டினார். "முழுசாக் குடுத்தா ஒருத்தரும் திருப்பித் தர்றதில்லை. இப்போ மூணாம் நாளே ஓடி வந்துடுறாங்க. புக்கை மேசையில வைக்கணும். திருடன் யாரு, ஏன் அப்படி நினைக்கிறேன்னு இந்த நோட்டுல எழுதணும். அப்புறம்தான் மிச்சப் பக்கம். அதையும் அந்த பெஞ்சுல உக்காந்து படிச்சுட்டு இங்கயே குடுத்துட்டுப் போகணும்."

"இவர் டாக்டரா இருந்திருந்தா வயித்தைக் கிழிச்சுட்டு, தையலுக்கு அடுத்த வாரம் வான்னு சொல்லியிருப்பார்," என்றாள் மருமகள்.

அவள் வாய் அப்படி. என் மகன் கப்பலில் வேலைக்குப் போய்விட்டான். வருஷத்துக்கு ஒரு தடவை முகம் காட்டுவான். ஸ்கூட்டர் ஓட்டவும், கையெழுத்து படிக்கவும் எனக்கு அவள்தான். அச்சு எழுத்தை நான் கூட்டிப் படித்துவிடுவேன். கையெழுத்து வராது. ஐந்தாவதோடு பள்ளிக்கூடத்தை விட்டவன். பஸ்ஸில் கிளீனராக ஏறி, கண்டக்டராகி, முப்பத்தொரு வருஷம் டிக்கெட் பரிசோதகனாக இருந்து இறங்கினேன். அந்த வேலை கற்றுக்கொடுத்தது ஒன்றுதான்: எல்லோரும் பொய் சொல்வார்கள், நல்ல சட்டை போட்டவன் கொஞ்சம் நன்றாகச் சொல்வான். இப்போது காணாமல் போனவர்களைத் தேடிக் கொடுக்கிறேன்.

இந்தத் தடவை தேடுவது ஒரு பதினாறு வயசுப் பெண்ணை. போன மழைக்காலத்தில் ஒன்பதாம் தேதி காலையில் பள்ளிக்கூடம் போனாள்; பள்ளி விட்டதும் வீட்டுக்கு வரவில்லை. பத்து மாதம் ஆயிற்று. அப்பா இல்லை. தொழிற்சாலையில் ஷிப்ட் வேலை பார்க்கும் அம்மா மட்டும்தான். போலீஸ் பஸ் நிலையம், ரயில் நிலையம், விடுதி என்று எல்லா இடத்திலும் போட்டோவைக் காட்டிவிட்டுச் சோர்ந்துவிட்டது. அதே இடங்களில் அதே போட்டோவோடு நானும் ஆறு வாரம் அலைந்தேன். ஒன்றும் கிடைக்கவில்லை. பையில் என்னென்ன இருந்தது என்று அம்மாவிடம் கேட்டு வாங்கிய பட்டியலில் 'கதைப் புத்தகம் ஒன்று' என்று இருந்தது. போலீஸ் அதைத் திரும்பிப் பார்க்கவில்லை. வேறு வழி இல்லாததால் நான் பார்த்தேன். அப்படித்தான் இந்தக் கடைக்கு வந்து சேர்ந்தோம்.

சுவர் முழுக்க ஒரே வரிசைப் புத்தகங்கள். ஒரு அக்கா, ஒரு தம்பி. பள்ளிக்கூடம் விட்டால் போதும், குகைக்குள் டார்ச் அடித்துத் திருடனைப் பிடித்துவிடுவார்கள். பெரியவர்கள் எல்லோரும் மடையர்கள். கடைசியில் திருடன் தானாகவே முன்னால் வந்து எல்லாவற்றையும் விளக்கிச் சொல்வான். முப்பத்தொரு வருஷத்தில் டிக்கெட் இல்லாத ஒருத்தனும் எனக்கு விளக்கிச் சொன்னதில்லை.

"அந்தப் பொண்ணு நாப்பது புக்கும் முடிச்சவ," என்றார் கத்திரி. "ஸ்கூல்ல துப்பறியும் சங்கம் வெச்சிருந்தா. காணாமப் போன ரெண்டு சைக்கிளைக் கண்டுபிடிச்சிருக்கா. கடைசியா எடுத்தது நாப்பத்தொண்ணு, 'படகுத்துறையில் ஈரச் சட்டை'."

"அது திரும்பி வரல. அதுதானே?"

"வராம என்ன? இதோ இருக்கே," என்று அலமாரியிலிருந்து உருவி மேசைமேல் போட்டார்.

நான் உட்கார்ந்துவிட்டேன்.

அந்தப் பெண் மறைந்த அன்றைக்கு அவள் பையில் இருந்த புத்தகம். அது நடந்து வராது. யாரோ கொண்டுவந்து வைத்திருக்கிறார்கள். கொண்டுவந்தவரிடம் பை இருக்கிறது. பை இருப்பவருக்கு அவளைத் தெரியும்.

"எப்ப வந்துச்சு? யார் கொண்டு வந்தா?"

"அந்த மாசம் எனக்குக் கண் ஆபரேஷன். கடையைப் பக்கத்து போட்டோ ஸ்டுடியோக்காரர்தான் பார்த்துக்கிட்டார். அவர்கிட்ட கேட்டுப் பிரயோஜனம் இல்ல. நேரா உக்காரு, சிரின்னு சொல்வாரே தவிர முகத்தைப் பார்க்க மாட்டார். நோட்டைப் பாருங்க."

மருமகள் நோட்டைப் புரட்டிச் சத்தமாகப் படித்தாள். "'சமையல்காரர்தான். எப்பவும் சமையல்காரர்தான்.' 'நாய். அது குரைக்கவே இல்லை.' 'இதை எழுதினவரையே பிடித்து உள்ளே போடுங்கள்.' இவனுக்கு நல்ல எதிர்காலம் இருக்கு மாமா."

"தேதியைப் பாரு."

"இருபத்தேழாம் தேதி, புத்தகம் நாப்பத்தொண்ணு." அவள் குரல் இறங்கியது. பெண் காணாமல் போய்ப் பதினெட்டு நாள் கழித்து. "'படகுத்துறைக் காவலாளி பொய் சொல்கிறான். ஆற்றில் குதித்ததில் சட்டை நனைந்தது, ஒரு மணி நேரத்தில் காலர் காய்ந்துவிட்டது, கை மட்டும் ஈரம் என்கிறான். அப்படி நடக்காது. காலர்தான் கடைசியில் காயும். அதற்குள் ஒட்டு இருக்கிறது.'"

"அந்தப் பொண்ணு எழுத்தா?"

"இல்ல. அவ எழுத்தை வீட்ல பார்த்தோமே, எறும்பு வரிசை மாதிரி. இது அழுத்தி அழுத்தி எழுதினது. பேப்பருக்குப் பின்பக்கம் தடவினாலே தெரியுது."

மற்ற பிள்ளைகள் எல்லோரும் கதையை நினைத்து எழுதியிருந்தார்கள். இந்த ஆள் துணியை நினைத்து எழுதியிருந்தார்.

புத்தகத்தைக் கையில் எடுத்தேன். பக்கத்தில் இருந்த புத்தகங்களெல்லாம் பிள்ளைகள் கைபட்டு வீங்கிப்போய் நின்றன. இது மட்டும் அப்பளம் மாதிரி தட்டையாக இருந்தது. ஓரம் முழுக்கத் தண்ணீர்க் கறை. தண்ணீர் பட்ட புத்தகம் நெளிந்து கிடக்கும். இதில் ஒரு நெளிவுகூட இல்லை.

"யாரோ இதை இஸ்திரி போட்டிருக்காங்க," என்றேன்.

"புக்குக்கா? அடுத்து கஞ்சி போடுவாங்களா?"

கடை வாசலில் நின்று பெண்ணின் அம்மாவுக்குப் போன் போட்டேன். நல்ல செய்தி சொல்லி எனக்குப் பழக்கம் இல்லை. "புக் கிடைச்சிருக்கும்மா. யாரோ கொண்டுவந்து குடுத்திருக்காங்க. ஆளைப் பிடிச்சிடலாம்."

அந்தப் பக்கம் மெஷின் சத்தம் மட்டும் கேட்டது. கொஞ்சம் கழித்து, "புக் இப்போ கடையிலதான் இருக்குதாங்கய்யா?" என்றாள்.

"என் கையில இருக்கு."

"சரிங்கய்யா. சூப்பர்வைசர் வர்றார்." வைத்துவிட்டாள்.

"யாரு கொண்டு வந்தாங்கன்னு கேக்கவே இல்லையே மாமா," என்றாள் மருமகள்.

"வேலை நேரத்துல என்னத்தைக் கேப்பாங்க? வண்டியை எடு."

நான் யாருக்கும் பரிந்து பேசுகிறவன் இல்லை. அன்றைக்குப் பேசினேன்.

இரண்டு தெரு தள்ளி ஒரு இஸ்திரிக் கடை. புத்தகத்தை மேசையில் வைத்ததும் கடைக்காரர் எங்களை ஒரு மாதிரி பார்த்தார்.

"இது நீங்க தேய்ச்சதா?"

"முப்பது வருஷமா தேய்க்கிறேன். புடவை, திரைச்சீலை, ஒரு தடவை ஒருத்தர் தொப்பி. புக்கு தேய்ச்சதில்ல."

"நோட்டுல எழுதியிருக்கிறதைச் சொல்லும்மா," என்றேன். மருமகள் சொன்னாள். அவர் தலையாட்டினார்.

"சரியான பேச்சு. ஆனா நான் அப்படிச் சொல்ல மாட்டேன். காலர் தடிமனா இருக்கும், லேட்டாக் காயும்னு சொல்வேன். உள்ள ஒட்டு இருக்குன்னு சொல்றவங்க, அந்த ஒட்டை ஒட்டுறவங்க." புத்தகத்தைத் திருப்பி முதுகைத் தடவினார். "இதோ பாருங்க, பசை உருகி மறுபடி இறுகியிருக்கு. கை இஸ்திரிப்பெட்டி வெச்சா ஒவ்வொரு பக்கமா மூலை சுருண்டிருக்கும். இது மொத்தமா ஒரே அழுத்து. காலருக்குள்ள கேன்வாஸ் வெச்சுச் சூட்டுல அழுத்துற மெஷின் இருக்கு பாருங்க, பியூசிங் மெஷின். சட்டைக் கம்பெனியிலதான் இருக்கும்."

மருமகள் திரும்பி என்னைப் பார்த்தாள்.

பஸ்ஸில் ஏறினால் கடைசி சீட்டிலிருந்து ஆரம்பித்து ஒருவர் விடாமல் பரிசோதிப்பேன். தூங்குகிறவரையும் எழுப்புவேன். குழந்தையை மடியில் வைத்திருப்பவளையும் கேட்பேன். இந்த ஆறு வாரத்தில் நான் டிக்கெட் கேட்காமல் விட்டது ஒரே ஒருவரை. அழுதுகொண்டிருந்தாள் என்று விட்டுவிட்டேன். அவள் வேலை செய்வது சட்டைத் தொழிற்சாலையில்.

நாங்கள் போய்ச் சேர்ந்தபோது அங்கே சாப்பாட்டு இடைவேளை. கூடம் முழுக்கச் சூடு. அவள் தன் மெஷினை விட்டு நகராமல் நின்றிருந்தாள். முழங்கையில் சுட்ட தழும்புகள். நான் புத்தகத்தை மெஷின் தட்டில் வைத்தேன். தட்டுக்கும் புத்தகத்துக்கும் அகலம் கச்சிதமாகப் பொருந்தியது.

"பை எங்கம்மா?"

அவள் மறுக்கவில்லை. தொழிலாளர் பெட்டகத்தைத் திறந்து நீலப் பையை எடுத்து வந்து கொடுத்தாள். துவைத்து, தேய்த்து, வார் எல்லாம் மடித்துவைத்த பை.

"எங்க கிடைச்சுது?"

"பாலத்துக்குக் கீழ, ஆத்துப் படிக்கட்டுல. மேலேர்ந்து மூணாவது படி. அன்னிக்குச் சாயங்காலமே தேடிப் போனேன். மழையில நனைஞ்சு கிடந்துச்சு."

"அன்னிக்கேவா! பத்து மாசமா ஏன் சொல்லல?" கத்திவிட்டேன். "உங்களால நான் ஆறு வாரம் பஸ் ஸ்டாண்டு பஸ் ஸ்டாண்டா நாய் மாதிரி அலைஞ்சிருக்கேன்!"

"மாமா," என்றாள் மருமகள்.

"சொல்லட்டும் விடுங்க," என்றாள் அம்மா. "ஐயா, என் பக்கத்து மெஷின்ல இருந்தவளுக்கு ஒரு பையன். அவன் செருப்பு படிக்கட்டுல கிடைச்சுது. ரெண்டு நாள் தண்ணியில தேடினாங்க. மூணாம் நாள் கேஸை மூடிட்டாங்க. உடம்புகூடக் கிடைக்கல, மூடிட்டாங்க. பையைக் குடுத்தா என் பொண்ணுக்கும் அதான். குடுக்கலன்னா ஊர் ஊராத் தேடுவாங்க இல்ல? அதான் உங்ககிட்டயும் சொல்லல."

"ஆத்துப் படிக்கட்டுல பை கிடக்குது. ஊர் ஊராத் தேடி என்ன ஆகும்?"

"பையில ஒண்ணு குறையுதுங்கய்யா." அவள் முகத்தில் திடீரென்று ஒரு தெளிவு வந்தது. இதை அவள் தனக்குத்தானே நூறு தடவை சொல்லிப் பார்த்திருக்க வேண்டும். "விளையாட்டு வகுப்புக்குப் போடுற வெள்ளைச் சட்டை இல்ல. காலையில நான்தான் மடிச்சு வெச்சேன். தண்ணிக்குப் போறவ எதுக்குச் சட்டையை எடுத்துக்கணும்? யூனிபார்மை மறைக்க அதைப் போட்டுக்கிட்டு எங்கயோ போயிருக்கா. கோபத்துல போயிருக்கா. வருவா."

எனக்கும் அது சரி என்றுதான் பட்டது. சட்டை இல்லை என்றால் அந்தச் சட்டையைப் போட்டுக்கொண்டு ஒருத்தி எங்கேயோ நடக்கிறாள். அந்தச் சில நிமிஷம் நானும் நம்பினேன்.

"புக்கை ஏன் திருப்பிக் குடுத்தீங்க?" என்று மருமகள் மெதுவாகக் கேட்டாள்.

"அன்னிக்குக் காலையில கிளம்புற நேரம். 'அம்மா, நனைஞ்ச சட்டையில காலர் எப்போ காயும்?'னு கேட்டா. ஷிப்டுக்கு லேட். 'தெரியாது போ'ன்னுட்டேன்." அவள் மெஷினைப் பார்த்தாள். "பதினேழு வருஷமா காலர்தான் ஒட்டறேன். தெரியாது போன்னுட்டேன். அப்புறம் புக்கைப் படிச்சேன். அவ எதுக்குக் கேட்டான்னு புரிஞ்சுது. பதிலை அவளுக்குச் சொல்ல முடியல. அங்க போய் எழுதிட்டு வந்தேன்."

பைக்குள் ஒரு துப்பறியும் நோட்டும் இருந்தது. அட்டையில் 'ரகசியம்' என்று ஸ்டிக்கர். உள்ளே எல்லாப் பக்கமும் வெள்ளை.

"அதுல நிறைய எழுதியிருந்தா," என்றாள் அம்மா. "ஈரமா ஒட்டிக்கிட்டு இருந்துச்சு. கிழியாம இருக்கணும்னு படிச்சுக்கூடப் பார்க்காம மெஷின்ல வெச்சு அழுத்தினேன். திறந்து பார்த்தா ஒரு எழுத்து இல்ல. தண்ணி அழிக்கல ஐயா. நான் அழிச்சுட்டேன்."

மருமகள் நோட்டை வாங்கி, ஓரத்தில் செருகியிருந்த பேனாவை உருவிப் பார்த்தாள். பின்பக்கம் ரப்பர் முனை. "இது தேய்ச்சா அழியுற பேனா மாமா. சூடு பட்டா மறைஞ்சுடும். எங்க அக்கா பொண்ணு நோட்டு வெயில்ல நின்ன கார்ல இருந்து இப்படித்தான் வெள்ளையாச்சு. ஐஸ் பெட்டியில வெச்சோம். திரும்பி வந்துச்சு."

அம்மா அவள் கையைப் பிடித்துக்கொண்டாள். மணி அடித்தது. மெஷினை விட்டு வர முடியாது. "எனக்கு நாலு மணிக்கு முடியும்," என்றாள். "நாலு மணிக்கு கேட்டுல நிக்கிறேன்."

கேட்டுக்கு எதிரே ஐஸ்கிரீம் கடை. மருமகள் நோட்டைப் பாலித்தீன் பையில் சுற்றி நீட்டினாள்.

"இதை என்ன பண்ண?" என்றார் கடைக்காரர்.

"வெனிலாவுக்குப் பக்கத்துல படுக்க வைங்கண்ணே. ரொம்பச் சூடா இருக்கு."

ஒரு மணி நேரம். நான் மூன்று டீ குடித்தேன். நோட்டை வெளியே எடுத்தபோது பக்கங்கள் விறைத்திருந்தன. எழுத்து வந்திருந்தது. வெளிறித்தான் இருந்தது, ஆனால் எறும்பு வரிசை எல்லாம் இருந்தது. சைக்கிள் வழக்கு. சாக்பீஸ் வழக்கு. டீச்சரின் குடை வழக்கு. மருமகள் ஒவ்வொன்றாகப் படித்துச் சிரித்தாள், கண்ணைத் துடைத்தாள், மறுபடி சிரித்தாள். கடைசியாக எழுதிய பக்கத்தில் நிறுத்தினாள்.

"படி," என்றேன்.

"வேண்டாம் மாமா."

"எனக்குக் கையெழுத்து வராது. படி."

படித்தாள். "'தேதி ஒன்பது. வழக்கு எண் நாற்பத்தொன்று. காவலாளி சொல்வது உண்மையா? கேள்வி: காலர் எப்போது காயும்? அம்மாவைக் கேட்டேன், தெரியாதாம். சோதனை செய்து பார்க்க வேண்டும். இடம்: பாலத்தடிப் படிக்கட்டு. கதையில் ஆற்றுத் தண்ணீர், அதனால் ஆற்றுத் தண்ணீர்தான் வேண்டும். கடைசிப் படி வரை இறங்கி விளையாட்டுச் சட்டையை முக்கி எடுக்க வேண்டும். மழை விடாவிட்டாலும் போகலாம். படி வழுக்கும், ஜாக்கிரதை.'"

கடையில் ஒரு பெரியவரும் அவர் மனைவியும் ஒரு கப்பைப் பகிர்ந்து சாப்பிட்டுக்கொண்டிருந்தார்கள். நான் அவர்களையே பார்த்துக்கொண்டிருந்தேன். வேறு எங்கே பார்ப்பது என்று தெரியவில்லை.

சட்டை எங்கே போயிற்று என்று தெரிந்துவிட்டது. அதோடு அவளும்.

மூன்றே முக்கால். "வண்டியை ஸ்டார்ட் பண்ணு," என்றேன்.

"எங்க போறோம்?"

"எங்கயும் போகல. ஓடட்டும்."

அவள் சாவியை எடுத்தாள். "நீங்களா மாமா? டிக்கெட் தொலைச்ச பொம்பளையைக்கூட இறக்கி விட்டவர்னு உங்க பையன் சொல்வார்."

"இறக்கித்தான் விட்டேன். சாவியைப் போடு."

சைலன்ஸர் சுடச்சுட ஓடவிட்டோம். மற்றப் பக்கங்களை மடக்கித் தள்ளிப் பிடித்துக்கொண்டு, அந்த ஒரு பக்கத்தை மட்டும் அதன்மேல் வைத்து அழுத்தினேன். விரல் சுட்டது. எழுத்து மேலிருந்து கீழாக ஒவ்வொரு வரியாகப் போயிற்று. ஐஸில் வைத்தால் மறுபடி வரும் என்று மருமகள் சொன்னாள். அதனால் பக்கத்தைக் கிழித்து என் சட்டைக்குள் வைத்துக்கொண்டேன். மிச்ச நோட்டை அவளிடம் கொடுத்தேன்.

நாலு மணிக்கு அம்மா ஓடி வந்தாள். நோட்டை வாங்கி அங்கேயே நின்று புரட்டினாள். குடை வழக்கில் அவளுக்கும் சிரிப்பு வந்தது. இந்த ஆறு வாரத்தில் அவள் சிரித்து நான் பார்த்தது அது ஒன்றுதான். கடைசிவரை புரட்டிவிட்டு நிமிர்ந்தாள்.

"ஒன்பதாம் தேதி எதுவும் எழுதலையா?"

"இல்லை," என்றேன்.

"அப்போ அன்னிக்கு எங்க போகணும்னு நினைச்சான்னு தெரியாது."

"தெரியாது."

"அப்போ தேடலாம் இல்லைங்கய்யா? நாளைக்கே ஆரம்பிச்சுடலாம் இல்ல?"

மருமகள் ஸ்கூட்டர் கண்ணாடியைத் துடைக்க ஆரம்பித்தாள். அது சுத்தமாகத்தான் இருந்தது.

"எந்த ஊர்லேர்ந்து ஆரம்பிக்கட்டும்?" என்றேன்.

அவள் ஏற்கெனவே யோசித்து வைத்திருந்தாள். ஒவ்வொரு ஊராகச் சொல்லச் சொல்ல, நான் தலையாட்டிக்கொண்டே நின்றேன்.